செரோக்கி அப்பாவும் பெர்லின் தமிழ் வகுப்பும்

ஜெர்மனியில் இறங்கிய முதல் நாளே மூன்று பேர் என்னைத் திட்டினார்கள். மூன்று பேரும் சைக்கிள்காரர்கள். நடைபாதை என்று நினைத்து நான் ஹாயாக வேடிக்கை பார்த்துக்கொண்டு நடந்தது சைக்கிள் பாதையாம். திட்டுகிற மொழி புரியாவிட்டாலும் திட்டுவது புரியும் அல்லவா? நானும் பதிலுக்கு மதுரைத் தமிழில் இரண்டு வார்த்தை சொல்லிவைத்தேன். கணக்கு நேராகிவிட்டது.

எர்லாங்கன் ஊரில் என் அண்ணன் மகன் கார்த்தி ஒரு பெரிய எலெக்ட்ரானிக்ஸ் கம்பெனியில் இன்ஜினியர். அவனும் சைக்கிளில்தான் வேலைக்குப் போகிறான். ஊரில் தெருமுனைக் கடைக்கே பைக் எடுத்தவன். "அத்தை, ப்ளீஸ், அந்த சிவப்பு லேன்ல மட்டும் நடக்காதீங்க. இங்க இட்ஸ் வெரி சீரியஸ்" என்றான். சரிப்பா என்று சொல்லிவிட்டு மறுநாளும் அதில்தான் நடந்தேன். நடந்து பழகிய கால் சொன்ன பேச்சு கேட்டால்தானே?

நான் போனது ஊர் சுற்ற இல்லை. அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்குப் படம் போட்ட சின்னக் கதைப்புத்தகங்கள் எழுதுவது என் பிழைப்பு. தாய்மொழியில் வாசிக்கக் கற்றுக்கொடுப்பவர்களுக்காக அங்கே பல்கலைக்கழகத்தில் ஒரு பட்டறை வைத்திருந்தார்கள், அதற்குக் கூப்பிட்டார்கள். பல நாட்டு ஆட்கள். ஆளுக்கொரு மொழி, மொழிக்கொரு புலம்பல். என் பக்கத்து நாற்காலி லோரெட்டாவுக்கு.

லோரெட்டா அமெரிக்காவில் ஓக்லஹோமாவிலிருந்து வந்தவள், செரோக்கி இனம். நாம் சின்ன வயதில் செவ்விந்தியர் என்று படித்தோமே, அந்த மக்களில் ஒரு பெரிய இனம் அது. பாலர் வகுப்புப் பிள்ளைகளுக்குச் செரோக்கி மொழி சொல்லிக்கொடுக்கிறாள். என்னைவிட ஒரு வயது மூத்தவள்தான், ஆனால் முதல் நாள் மதியச் சாப்பாட்டிலேயே வாடி போடி கணக்கில் ஒட்டிவிட்டோம், அதனால் 'அவள்' என்றே எழுதுகிறேன். பேசிக்கொண்டது இங்கிலீஷில். ஆனால் அவள் பேச்சை அச்சுத் தமிழில் எழுதிப் பார்த்தால் வேறு யாரோ பேசுவது போல இருக்கிறது. எனவே எங்கள் ஊர்ப் பேச்சிலேயே எழுதிவிடுகிறேன். அவள் கோபித்துக்கொள்ள மாட்டாள்.

அன்றைக்குச் சாப்பாட்டில் கிரிக்கெட் பந்து அளவில் ஒரு வெள்ளை உருண்டை வந்தது. உருளைக்கிழங்கில் செய்ததாம். கொழுக்கட்டை பிடித்துவிட்டுப் பூரணம் வைக்க மறந்துபோனால் எப்படி இருக்கும், அப்படி. பக்கத்தில் ஒரு பெரிய பன்றிக்கறித் துண்டு, மேலே பழுப்புக் குழம்பு. காரம் என்ற சமாச்சாரமே கிடையாது. நான் கைப்பையிலிருந்து இட்லிப் பொடி டப்பாவை எடுத்தேன். லோரெட்டா அவள் கைப்பையிலிருந்து ஒரு மிளகாய் சாஸ் பாட்டிலை எடுத்தாள். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். அப்புறம் என்ன, சிநேகம்தான்.

இரண்டாம் நாள் ஒரு கூத்து நடந்தது. தேநீர் இடைவேளையில் உள்ளூர்க்காரர் ஒருவர் லோரெட்டாவைத் தேடி வந்தார். ஓய்வுபெற்ற பல் டாக்டர். ஆறடி உயரம், தோல் சட்டை, சட்டை முழுக்க பாசிமணி வேலைப்பாடு, தலையில் இரண்டு இறகு. நான் நாடகம் போடப் போகிறார்கள் என்றே நினைத்தேன். ஜெர்மனியில் இப்படி ஒரு கூட்டமே இருக்கிறதாம். வாரம் முழுக்க ஆபீஸ் போய்விட்டு, கோடை விடுமுறையில் காட்டோரம் கூம்புக் கூடாரம் அடித்து, அமெரிக்கப் பழங்குடி மாதிரி உடுத்திக்கொண்டு கொட்டடித்து ஆடுவார்களாம். சின்ன வயதில் படித்த சாகசக் கதைகளின் வேலை.

மனிதர் லோரெட்டாவின் கையைப் பிடித்துக்கொண்டு கண் கலங்கிவிட்டார். "நீங்கள் கூடாரத்தில் வளர்ந்தீர்களா?" என்று கேட்டார்.

"இல்லைங்க. எங்க ஆளுக கூடாரத்துல இருந்ததே இல்ல. மரவீடுதான். இப்ப எங்க வீட்டுல ஏ.சி. இருக்கு" என்றாள் லோரெட்டா.

பாவம், அவர் முகம் வாடிவிட்டது. பட்டறை ஏற்பாட்டாளர்களோ நெளிந்தார்கள். ஆனால் லோரெட்டா அவர் சட்டையின் பாசிவேலையை உற்றுப் பார்த்து, நிஜமாகவே நன்றாக இருக்கிறது என்றாள். தானே கோத்ததாம். எத்தனை குளிர்காலம் உட்கார்ந்து கோத்தேன் என்று ஆரம்பித்தவர் முடிக்கவே இல்லை.

அவர் போனபின் லோரெட்டா என்னிடம், "எங்கப்பாகிட்ட ஒரு இறகு கிடையாதுடி. இறகு, கொட்டு, பாட்டு எதையும் கண்டுக்க மாட்டாரு. இந்த மனுசன் எங்கப்பாவப் பாத்தா அழுதுருவாரு" என்று சொல்லிச் சிரித்தாள். அவள் சிரித்தால் மேசையில் கரண்டி ஆடும். அன்றைக்கு ஆடவில்லை.

மூன்றாம் நாள் மாலை சந்தைக்குப் போனோம். வசந்தகாலம், காய்கறிக் கடைகளில் நீளமான பச்சை இலைகளைக் கட்டுக் கட்டாக வைத்திருந்தார்கள். லோரெட்டா ஒரு இலையைக் கிள்ளி மோந்து பார்த்துவிட்டு அப்படியே நின்றுவிட்டாள். காட்டுப்பூண்டாம். காட்டில் தானாக வளர்வது. கடைக்காரம்மா, கிள்ளியதை வாங்கித்தான் ஆக வேண்டும் என்கிற மாதிரி ஒரு பார்வை பார்த்தார். லோரெட்டா நான்கு கட்டு வாங்கினாள்.

"இது எங்க ஊரு காட்டு வெங்காயம் மாதிரியே மணக்குதுடி! பனி விட்டதும் காட்டுல மொதல்ல வர்றது அதுதான். பறிச்சு முட்ட போட்டுக் கிண்டித் தின்னாத்தான் எங்களுக்கு வருசம் பொறக்கும்."

காட்டிலேயே போய்ப் பறிக்கலாமே, காசாவது மிச்சம் என்று நான் சொன்னதற்குக் கார்த்தி பதறிவிட்டான். "அத்தை, நோ! அதே மாதிரி இன்னொரு இலை இருக்கு, பாய்சனஸ். வருஷா வருஷம் யாராவது ஹாஸ்பிட்டல் போறாங்க." சரி, கடை இலையே போதும் என்று அவன் வீட்டுச் சமையலறைக்குப் போனோம். லோரெட்டா இலையை அரிந்தாள், நான் பச்சை மிளகாயை அரிந்தேன். அவள் முட்டையை உடைத்து ஊற்ற ஊற்ற நான் கிண்டினேன். அசல் முட்டைப் பொடிமாஸ்! கார்த்தி மூன்று சப்பாத்திக்கு அதை வைத்துச் சாப்பிட்டுவிட்டு, ஜன்னலை எல்லாம் திறந்துவிட்டான். மாடிவீட்டு அம்மாள் வாசனைக்குப் புகார் சொல்வாராம்.

சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே லோரெட்டா போனை எடுத்தாள். அவர்கள் ஊரில் அப்போது காலை. தினமும் அந்த நேரம் அப்பாவைக் கூப்பிடுவாள். திரையில் பாதி நெற்றியும் ஒரு மின்விசிறியும் தெரிந்தன. எண்பது தாண்டிய மனிதர்கள் உலகம் முழுக்க ஒரே மாதிரிதான் போனைப் பிடிக்கிறார்கள்.

லோரெட்டா அவள் மொழியில் ஏதோ கேட்டாள். நெற்றி, "எஸ். எக்ஸ்" என்றது, முட்டை சாப்பிட்டாராம். திரும்பவும் அவள் மொழியில் ஏதோ கேட்டாள். "நோ, நாட் கோல்ட்" என்றது. இப்படியே நாலைந்து கேள்வி. அவள் செரோக்கியில் கேட்க, அவர் இங்கிலீஷில் பதில் சொல்ல, அவ்வளவுதான் போன். வைத்துவிட்டாள்.

"அவருக்கு உங்க பாஷை மறந்துபோச்சா?" என்று நான் கேட்டேன்.

"மறந்தா நான் கேட்டது புரியுமா? எல்லாம் புரியும். பதில் மட்டும் வராது."

அப்புறம்தான் சொன்னாள். அவள் அப்பாவையும் அவர் அக்காவையும் ஐந்தாறு வயதில் விடுதிப் பள்ளிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். பழங்குடிப் பிள்ளைகளை 'நாகரிகம்' ஆக்குவதற்கென்றே நடத்தப்பட்ட பள்ளி. முடியை வெட்டு, சீருடை போடு, மணி அடித்தால் வரிசையில் நில். வீட்டு மொழி வாயில் வந்தால் அடி. சில பிள்ளைகளின் வாயைச் சோப்புப் போட்டுக் கழுவினார்கள். லோரெட்டாவின் அப்பாவைச் சுவரைப் பார்த்து நிற்கவைத்தார்கள் என்பது மட்டும் அவளுக்கு அந்த அத்தை வாயிலாகத் தெரியும். அப்பா ஒன்றும் சொன்னதில்லை.

"வளந்து, கல்யாணம் கட்டி, நாங்க மூணு பேரு பொறந்தோம். எங்ககிட்ட எங்க பாஷைல ஒரு வார்த்த பேசல. நாங்களும் அடி வாங்கக்கூடாதுன்னுதான் சொல்லித் தரலன்னு ஒரே ஒருக்கா சொன்னாரு. அத்தை வந்தா ரெண்டு பேரும் வாசல்ல நிக்கிற வண்டிக்குள்ள போயி கண்ணாடிய ஏத்திவிட்டுட்டுப் பேசுவாக. நாங்க வெளிய நின்னு வாயசைக்கிறத வேடிக்க பாப்போம். இப்ப அத்தையும் இல்ல. அவரு யார்கூடயும் அதுல பேசி நான் பாக்கல."

கட்டிப்பிடிப்பது, முத்தம் கொடுப்பது எல்லாம் அந்த வீட்டில் கிடையாதாம். படுக்கை விரிப்பில் சுருக்கம் இருந்தால் மட்டும் சத்தம் போடுவாராம். சாப்பாட்டுத் தட்டைக் கையால் அணைகட்டிக்கொண்டு ஐந்து நிமிடத்தில் முடித்துவிடுவாராம். விடுதி அவரை விட்டு வெளியே போகவே இல்லை என்றாள். நாற்பது வயதுக்குமேல் அவளே கிளம்பிப் போய், சின்னப் பிள்ளைகளோடு பிள்ளையாக உட்கார்ந்து செரோக்கி படித்தாள். டீச்சரும் ஆகிவிட்டாள். ஊரே பாராட்டியது.

"எனக்கு அதெல்லாம் வேணாம்டி. எங்கப்பா ஒருக்கா, ஒரே ஒருக்கா, என்கூட அதுல பேசிட்டுப் போகட்டும். அவருக்கு வயசாயிருச்சு. நானும் தெனம் கேட்டுக்கிட்டே இருக்கேன்."

கார்த்தி எழுந்து போய் எல்லோருக்கும் தண்ணீர் கொண்டுவந்தான்.

பட்டறை முடிந்ததும் நான் பெர்லின் போக வேண்டியிருந்தது. அங்கே நொய்கெல்ன் பகுதியில் இலங்கைத் தமிழ்ப் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமைதோறும் தமிழ் வகுப்பு நடத்தும் வசந்தி என்பவர், என் கதைப்புத்தகங்களை வைத்துப் பாடம் எடுக்கிறார். ஜெர்மனி வரை வந்துவிட்டு எட்டிப் பார்க்காமல் போனால் எப்படி என்று போனில் உரிமையோடு சண்டை பிடித்தார். லோரெட்டாவுக்கு ஊர் திரும்ப இரண்டு நாள் இருந்தது. "சனிக்கிழமையும் பள்ளிக்கூடம் போற பிள்ளைகளா? நான் பாக்கணுமே!" என்று அவளும் கிளம்பிவிட்டாள்.

ரயிலில் எங்களுக்கு நேர்ந்தது தமிழ்நாட்டில் நேராது. அங்கே ஒரே ரயிலை இரண்டாகப் பிரித்து, பாதியை ஒரு ஊருக்கும் பாதியை இன்னொரு ஊருக்கும் அனுப்புகிறார்கள். நாங்கள் நல்ல இருக்கையாகப் பார்த்து, ஜன்னலோரம் உட்கார்ந்து, செருப்பைக் கழற்றிவிட்டுக் காலை நீட்டியது எங்களுடையது அல்லாத பாதியில். டிக்கெட் பார்க்க வந்த பெண் எங்களைப் பார்த்த பார்வையில் பரிதாபம் இருந்தது. அடுத்த நிறுத்தத்தில் இறங்கிப் பெட்டியை இழுத்துக்கொண்டு பிளாட்பாரம் முழுக்க ஓடினோம். ஐம்பது வயதுக்கு மேற்பட்ட இரண்டு இந்தியர்கள், ஆளுக்கொரு விதமான இந்தியர், மூச்சு வாங்க ஓடுவதைப் பார்த்து ஒரு பையன் கைதட்டினான். ஏறியும்விட்டோம்.

மூச்சு வந்ததும் நான் என் பள்ளிக்கூடக் கதையைச் சொன்னேன். மதுரையில் நான் படித்த இங்கிலீஷ் மீடியத்தில் தமிழ் பேசினால் கழுத்தில் ஓர் அட்டையை மாட்டிவிடுவார்கள். அடுத்து யார் தமிழ் பேசுகிறார்களோ அவர்கள் கழுத்துக்கு அது போகும். அட்டை கிடைத்தவள் அடுத்தவளைத் தமிழ் பேசவைக்கக் கிள்ளுவாள், மிதிப்பாள், மாங்காய் காட்டி ஆசை காட்டுவாள். இதை நான் எப்போதும் சிரிப்புக் கதையாகத்தான் சொல்வேன். கேட்பவர்களும் சிரிப்பார்கள்.

லோரெட்டா சிரிக்கவில்லை. "அப்புறம் சாயங்காலம்?" என்று கேட்டாள்.

"சாயங்காலம் என்ன, வீட்டுக்குப் போய் அந்த மிஸ்ஸைத் தமிழ்ல நல்லா நாலு வாங்கு வாங்குவேன். எங்கம்மாவும் சேர்ந்து வாங்குவாங்க."

அவள் தலையை ஆட்டிக்கொண்டாள். அவர்களுக்கு அந்தச் சாயங்காலம் கிடையாது என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. மாதக்கணக்கில், வருடக்கணக்கில் விடுதி. அம்மாவிடம் போய் யாரைத் திட்டுவது?

பெர்லினில் சனிக்கிழமை. பாதாள ரயில் பழுதுபார்ப்பு, அதற்குப் பதில் பஸ். அந்த பஸ்ஸில் ஏறி எதிர்த்திசையில் ஐந்து நிறுத்தம் போய், நல்லவேளை இலங்கைக் கடை ஒன்றின் முன்னால் இறங்கினோம். கடைக்காரர் வழியும் சொல்லி, "முதல் சாப்பிடுங்கோ, பிறகு தேடலாம்" என்று கொத்துரொட்டியும் போட்டுக்கொடுத்தார். ஜெர்மனி வந்த பிறகு முதல்முறை என் மூக்கில் தண்ணீர் வந்தது. லோரெட்டா மிளகாய் சாஸ் பாட்டிலைக் கைப்பையிலிருந்து எடுக்கவே இல்லை.

வகுப்பு ஒரு தேவாலயத்தின் பின்கட்டுக் கூடத்தில், வாடகைக்கு எடுத்த இடம். வசந்தி அக்கா வாசலில் நின்று போனில் யாருடனோ ஜெர்மனில் பொரிந்துகொண்டிருந்தார். எங்களைக் கண்டதும் போனை வைத்துவிட்டு ஓடிவந்து கையைப் பிடித்தார். நான் அவரை அக்கா என்றேன், அவர் என்னை அக்கா என்றார். யார் மூத்தவர் என்று இரண்டு பேரும் கேட்டுக்கொள்ளவில்லை.

"வாங்கோ, வாங்கோ! இப்பிடி வெளியில நிண்டு கதைக்கிற டொச் எல்லாம் இந்த வாசலோட சரி. உள்ளுக்க தமிழ் மட்டும்தான். பிள்ளையளுக்கு நான் போட்ட சட்டம்."

ஜெர்மன் மொழியை அவர்கள் டொச் என்கிறார்கள். வசந்தி அக்கா வாரம் முழுக்க ஒரு ஹோட்டலில் அறை சுத்தம் செய்கிறார். சனிக்கிழமை ஓய்வு எடுக்காமல், சம்பளமும் இல்லாமல் இந்த வகுப்பு. ஏன் இப்படிக் கிடந்து அல்லாடுகிறீர்கள் என்று கேட்டேன்.

"என்ர மூத்தவன் இருக்கிறானெல்லோ, இப்ப அவனுக்கு இருபத்தாறு. நான் தமிழில கேட்பன், அவன் டொச்சில மறுமொழி சொல்லுவான். விளங்கும் அவனுக்கு. ஆனா வாய் திறந்து ஒரு சொல்லுத் தமிழ் வராது. அவன் சின்னனாயிருக்கேக்க நான் இரண்டு வேலை, கவனிக்கேல. இந்தப் பிள்ளையளையும் அப்பிடி விட ஏலாது, அக்கா."

இதை நான் லோரெட்டாவுக்குச் சொன்னேன். அவள் வசந்தி அக்காவின் தோளில் கை போட்டுக்கொண்டாள். "எனக்கு அப்பிடியே தலைகீழுன்னு சொல்லு. எங்க வீட்டுல பதில் சொல்லாதது அப்பா" என்றாள். வசந்தி அக்காவுக்கு முழுசாக விளங்கவில்லை. அமெரிக்காவிலிருந்து ஒரு பழங்குடி டீச்சர் வருகிறார் என்றுதான் நான் போனில் சொல்லியிருந்தேன்.

லோரெட்டா ஓர் ஏற்பாடு செய்துவைத்திருந்தாள். மாலை அப்பா வீடியோவில் வருவார், பிள்ளைகள் அவருக்கு வணக்கம் சொல்வார்கள், அவ்வளவுதான். பிள்ளைகளுக்குச் செரோக்கி வணக்கத்தைச் சொல்லிக்கொடுத்தாள். "ஓசியோ!" கூடமே கத்தியது. நம் ஊரில் இப்படிக் கத்தினால் எதையோ சும்மா கொடுக்கிறார்கள் என்று கூட்டம் கூடிவிடும்.

அந்தக் களேபரத்தில் முன்வரிசையில் இருந்த ஒரு சிறுமி, ஆரணி என்று பெயர், எட்டு வயது இருக்கும், இரட்டைப் பின்னல், துள்ளி எழுந்து படபடவென்று ஜெர்மனில் ஏதோ கேட்டாள். வகுப்பு கொல்லென்று சிரித்து, சட்டென்று அடங்கியது. எல்லாக் கண்ணும் வசந்தி அக்காவிடம் போயிற்று. அவர் கோபப்படவில்லை, சத்தமும் போடவில்லை. விரலை மட்டும் சுவர்ப் பக்கம் காட்டினார். ஆரணி ஸ்வெட்டர் கையை இழுத்துவிட்டுக்கொண்டு போய், மூலையில் சுவரைப் பார்த்து நின்றாள். பழகிய நடை.

"என்ன கேட்டா அந்தக் குட்டி?" என்றாள் லோரெட்டா.

பக்கத்திலிருந்த பிள்ளை எனக்குத் தமிழில் சொன்னதை நான் அவளுக்குச் சொன்னேன். "உன் தலையில ஏன் இறகு இல்லன்னு கேட்டாளாம்."

கரண்டி இருந்திருந்தால் ஆடியிருக்கும், அப்படிச் சிரித்தாள். "இறகு வேணும்னா கோழிகிட்டப் போயிக் கேக்கச் சொல்லு!" அப்புறம்தான் மூலையைப் பார்த்தாள். "அவ எதுக்கு அங்க நிக்கிறா?"

ஜெர்மன் பேசியதற்குத் தண்டனை என்றேன். அவள் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்று, பிறகு காணாமல் போனது. விருந்தாளியாக வந்த இடம். கைகளைக் கோத்துக்கொண்டாள். எனக்கோ வசந்தி அக்காவிடம் எப்படி ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. சனிக்கிழமையில் சம்பளம் இல்லாமல் உழைக்கிற மனுஷியிடம் நேற்று வந்த நான் என்ன சொல்ல? அதற்குள் போன் அடித்தது.

பாதி நெற்றி, மின்விசிறி. "ஓசியோ!" என்று பிள்ளைகள் கூரை அதிரக் கத்தினார்கள். மனிதர் மிரண்டுபோய்ப் போனைத் தள்ளிப் பிடித்ததில் முழு முகமும் தெரிந்தது. ஒட்ட வெட்டிய வெள்ளை முடி. கழுத்துவரை பொத்தான் போட்ட சட்டை. "குட் மார்னிங்" என்றார். பிள்ளைகளுக்குச் சிரிப்பு, பெர்லினில் அப்போது மாலை நான்கு மணி. லோரெட்டா போனைத் திருப்பி வகுப்பை வரிசையாக அவருக்குக் காட்டிக்கொண்டே போனாள்.

"நில்லு" என்று போனிலிருந்து குரல் வந்தது. இங்கிலீஷில்தான். "பின்னால போ. அந்த மூலைல யாரு?"

"ஒரு சின்னப் பொண்ணுப்பா."

"ஏன் அந்தப் பக்கம் திரும்பி நிக்கிறா?"

லோரெட்டா என்னைப் பார்த்தாள். வசந்தி அக்கா என் பக்கம் குனிந்து, "ஐயா என்னவாம்?" என்று கேட்டார். நான் சொன்னதும் நிமிர்ந்து, பெருமையாகவே சொன்னார்: "டொச் கதைச்சதுக்கெண்டு சொல்லுங்கோ அக்கா. எங்கட பிள்ளையள் எங்கட மொழியை மறக்கக் கூடாதெல்லோ? அதுக்குத்தான்."

இதை நான் அந்த மனிதருக்கு இங்கிலீஷில் சொல்ல வேண்டும். பொய் சொல்லிவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது, காலில் முள் குத்தியது, களைப்பாக இருக்கிறாள், இப்படி ஏதாவது. வாயில் வந்தது உண்மைதான். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

அவர் போனை முகத்துக்கு அருகே கொண்டுவந்தார். பிறகு அவர் ஏதோ சொன்னார். மெல்லிய குரல், மூக்கிலும் தொண்டையிலும் பாதிப்பாதி தங்கி வருகிற சொற்கள். இங்கிலீஷ் இல்லை. திரும்பவும் அதையே சொன்னார், இந்த முறை கொஞ்சம் சத்தமாக.

லோரெட்டா போனை இரண்டு கையாலும் பிடித்தாள். நான் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன். "என்னடி சொல்றார்?"

"சின்னவளே..." என்றாள். "சின்னவளே, இந்தப் பக்கம் திரும்பு. இங்க வா. அப்பிடிங்கிறாரு."

நான் தமிழில் சொன்னேன். ஆரணி திரும்பினாள். திரும்பி முதலில் டீச்சரைப் பார்த்தாள். டீச்சர் என்னைப் பார்த்தார்.

"அவரையும் இப்பிடிச் சுவரடியில விட்டவையோ, அக்கா?" என்று கேட்டார்.

"ஆமா அக்கா. பள்ளிக்கூடத்துல. அவரு பாஷை பேசினதுக்கு."

"ஐயோ, என்ர கடவுளே" என்று வசந்தி அக்கா வாயைப் பொத்திக்கொண்டார். கண் நிறைந்துவிட்டது. "நான் அப்பிடி நினைச்சுச் செய்யேல அக்கா. தமிழ் வரோணும் எண்டுதான்..." என்றவர் பாதியில் விட்டுவிட்டு, மூலைக்கு அவரே போய் ஆரணியின் தலையைத் தடவி, முன்னால் கூட்டிக்கொண்டு வந்து போன் முன் நிறுத்தினார். "கதை பிள்ளை. தாத்தா உன்னோடதான் கதைக்கிறார்."

ஆரணிக்குக் கூச்சமெல்லாம் கிடையாது. போனுக்குள் தலையை விட்டாள். "தாத்தா, நீங்கள் என்ன கதைச்சனீங்கள்? உங்களை ஏன் சுவரடியில விட்டவை?"

நான் இங்கிலீஷில் சொன்னேன். லோரெட்டா அதைச் செரோக்கியில் கேட்க ஆரம்பித்தாள். வகுப்பில் தினம் பேசுகிற டீச்சர், அன்றைக்குத் திக்கினாள். நடுவில் ஒரு சொல்லில் அவர் குறுக்கிட்டுத் திருத்தினார். அவள் திருத்திச் சொன்னாள். அவர் தலையாட்டிவிட்டுப் பேசினார்.

"சாப்பாட்டு மணி அடிச்சிருந்துச்சாம். ஜன்னல்ல பனி கொட்டுறதப் பாத்தாராம். அந்தக் கோடில இருந்த அக்காவுக்குக் காட்டணும்னு, 'பனி, பனி'ன்னு கத்திட்டாராம். அம்புட்டுத்தான்" என்றாள் லோரெட்டா. நான் தமிழாக்கினேன். பிள்ளைகள் மேசைகளை விட்டுவிட்டு எங்களைச் சுற்றி வந்துவிட்டார்கள்.

"அக்கா பதில் சொன்னதுக்கு அவங்களையும் எதிர் மூலைல நிக்க வச்சாங்களாம். அந்த வார்டன் அம்மாவுக்கு எப்பவும் மூக்கு ஒழுகுமாம். அக்கா சுவரப் பாத்துக்கிட்டே, அந்த அம்மா மாதிரியே மூக்க உறிஞ்சுவாங்களாம். இவருக்கு இந்த மூலைல சிரிப்பு அடக்க முடியலையாம்."

ஆரணி உடனே மூக்கை உறிஞ்சிக் காட்டினாள். இரண்டு மூன்று வாண்டுகளும் உறிஞ்சின. போனுக்குள் அந்த மனிதர் சிரித்தார். லோரெட்டாவின் சிரிப்பு எங்கிருந்து வந்தது என்று எனக்கு அப்போது தெரிந்தது.

அவர் நிறுத்தவில்லை. பேசிக்கொண்டே போனார். அவர் அக்கா என்னவோ செய்தாள் போலிருக்கிறது, கையைத் தூக்கிக் காட்டினார். இப்போது அவர் பார்த்தது ஆரணியை அல்ல. லோரெட்டா போனை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு, அவள் மொழியில் ஒரு சொல், இரண்டு சொல் பதில் சொன்னாள். கன்னத்தில் வழிந்ததைத் துடைத்துக்கொள்ளவில்லை. எனக்கு இங்கிலீஷில் எதையும் அவள் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

"பிறகென்ன? பிறகென்ன நடந்தது?" என்று பிள்ளைகள் என் புடவையைப் பிடித்து இழுத்தார்கள். "அந்த அன்ரி ஏன் சொல்லாமல் நிக்கிறா?" என்றாள் ஆரணி.

வசந்தி அக்கா அவர்களைக் கையால் அணைத்துக் கதவுப் பக்கம் தள்ளிக்கொண்டு போனார். "வாங்கோ பிள்ளையள், வெளியில போய் ரோல்ஸ் சாப்பிடுவம். அவ தகப்பனோட கதைக்கட்டும்."